ஜப்பான்காரன் காலம்: சிங்கப்பூரில் ஒரு பிப்ரவரி

பிப்ரவரி 12, இரவு, யீஷூன்

மலேசியாவில் எங்கள் ஊர் கிள்ளானில் காலையில் கிளம்பியது, ஜொகூர் பாலத்து நெரிசலைத் தாண்டி அத்தை வீட்டுக்கு வந்து சேர இருட்டிவிட்டது. வழியைப் பற்றி எழுத ஒன்றுமில்லை. ஏன் வந்தேன் என்பதை மட்டும் சொல்லிவிடுகிறேன்.

எங்கள் தாத்தாவின் அண்ணனை 1943-ல் கோல சிலாங்கூர் பக்கத்து ரப்பர் தோட்டம் ஒன்றிலிருந்து சயாமுக்கு, அதாவது இன்றைய தாய்லாந்துக்கு, ஜப்பானியர்கள் பிடித்துக்கொண்டு போனார்கள். ரயில் பாதை போடும் வேலை, மூன்று மாதம்தான் என்றார்களாம். அவர் திரும்பவே இல்லை. அதே வருடம் பாட்டியின் தம்பி ஐ.என்.ஏ-வில், அதாவது ஜப்பானியரோடு சேர்ந்து பிரிட்டிஷாரை எதிர்த்த நேதாஜியின் இந்திய தேசிய ராணுவத்தில், சேர்ந்து பர்மா வரை போனார், 1945-ல் எலும்பும் தோலுமாகத் திரும்பி வந்தார். இரண்டும் தோட்டத் தொழிலாளர்களின் வரிசைக் குடியிருப்பில், ஒரே லயத்து வீட்டில் நடந்தவை. ஆனால் வீட்டில் மாட்டியிருந்தது நேதாஜி படம் மட்டும்தான். பெரிய தாத்தாவுக்குப் படம் இல்லை, அவர் உயிரோடிருந்த காலத்தில் யாரும் எடுத்ததே இல்லை.

ஒரே போரை ஒவ்வொரு ஜனமும் எப்படி நினைக்கிறது என்று நேரில் பார்க்க வேண்டும் என்று ரொம்ப நாளாக மனதில் இருந்தது. சிங்கப்பூரில் எல்லோருடைய நினைவுச்சின்னமும் பக்கத்தில் பக்கத்தில் இருக்கின்றன. பிப்ரவரி 15, 1942-ல் பிரிட்டிஷார் ஜப்பானியரிடம் சரணடைந்த நாள், இங்கே அதை முழுமைத் தற்காப்பு தினமாக அனுசரிக்கிறார்கள். அதனால்தான் இந்த வாரம்.

பிப்ரவரி 13, கிராஞ்சி

போரில் இறந்த படையினரின் கல்லறைத் தோட்டம் இது. எம்ஆர்டி ரயிலில் இறங்கி நடந்தே போகலாம், ஆனால் வெயில் ஏறுவதற்கு முன் போய்விடுங்கள். புல் சரிவு முழுக்க வெள்ளைக் கற்கள், 4,400-க்கும் மேல். அதில் 850-க்கு மேற்பட்டவற்றில் பெயரே கிடையாது, ஒரு போர்வீரன் என்று மட்டும்தான். மேலே ஏறினால் விமானத்தின் இறக்கை போன்ற கூரை, அதைத் தாங்கும் சுவர்களில் 24,000-க்கும் அதிகமான பெயர்கள், கல்லறை எங்கே என்று தெரியாதவர்கள். 1957 மார்ச் 2-ல் திறந்திருக்கிறார்கள். பிரிட்டன், ஆஸ்திரேலியா, கனடா, மலாயா, இந்தியா என்று எல்லாரும் இருக்கிறார்கள். ஆஸ்திரேலியர்களும் நியூசிலாந்துக்காரர்களும் தங்கள் போர் நினைவு நாளான ஏப்ரல் 25 விடியற்காலையில் கூடுகிறார்கள், நவம்பரில் ஒரு ஞாயிற்றுக்கிழமை காமன்வெல்த் நாடுகள் எல்லாம் மலர்வளையம் வைக்கின்றன.

நான் அதிக நேரம் நின்றது இந்தியர்களின் பெயர்களுக்கு முன்னால்தான். பஞ்சாப், டோக்ரா, கர்வால், ஹைதராபாத், பலூச் என்று மலாயாவில் சண்டை போட்ட படைப்பிரிவுகள். பின்பக்கம் தகனம் செய்யப்பட்டவர்களுக்கென்றே தனியாக ஒரு நினைவிடம், ஏறக்குறைய 800 பேர், பெரும்பாலும் இந்தியப் படையினர். அவரவர் சமய முறைப்படி எரித்ததையும் மதித்து ஓர் இடம் ஒதுக்கியிருக்கிறார்கள் என்பது எனக்குப் பிடித்திருந்தது.

ஆனால் நேதாஜி கதைகளைக் கேட்டே வளர்ந்த வீட்டிலிருந்து வந்தவனுக்கு அந்தச் சுவர் சுலபமான இடமில்லை. ஐ.என்.ஏ-வில் சேர மறுத்த இந்தியச் சிப்பாய்களைப் பற்றி எங்கள் பக்கம் யாரும் பேசுவதே இல்லை. போர்க்கைதிகளாகவே இருந்துகொள்கிறோம் என்று சொன்னவர்களில் நிறையப் பேரை ஜப்பானியர்கள் கப்பலேற்றி நியூ கினி வரைக்கும் கொண்டுபோய் வேலை வாங்கினார்கள், பசியிலும் அடியிலும் நோயிலும் பலர் அங்கேயே செத்தார்கள். இன்னொன்றும் சொல்ல வேண்டும். 1942 செப்டம்பரில், தப்பியோடிப் பிடிபட்ட நான்கு போர்க்கைதிகளைச் சாங்கி கடற்கரையில் நிறுத்திச் சுட்டது ஜப்பானியர் கட்டளையின் கீழ் இருந்த ஐ.என்.ஏ. காவலர்கள். ஆஸ்திரேலியர்கள் அதை மறக்கவில்லை. நாமும் தெரிந்துகொள்ள வேண்டும், அதனால் எழுதுகிறேன்.

சில வருடங்களுக்கு முன் அப்பாவோடு தாய்லாந்தில் காஞ்சனபுரி போயிருந்தேன். அங்கேயும் இதே மாதிரி வெள்ளைக் கற்கள், வெட்டிய புல், சுமார் 7,000 போர்க்கைதிகள், ஒவ்வொருவருக்கும் பெயர், வயது, படைப்பிரிவு. சயாம் ரயில் பாதையில் வேலை செய்த வெள்ளைக்காரக் கைதிகள் 60,000 பேருக்கு மேல், இறந்தவர்கள் 12,000-க்கும் மேல். மலாயாவிலிருந்து போன தொழிலாளர்கள் மட்டும் 70,000-க்கும் மேல், பெரும்பாலும் நம் தோட்டத்து ஆட்கள். பர்மா, ஜாவா ஆட்களையும் சேர்த்து ஆசியத் தொழிலாளர்களில் 90,000 பேர் வரை இறந்திருப்பார்கள் என்று மதிப்பிடுகிறார்கள். அப்பா அந்தக் கற்களுக்கு நடுவே ஒரு மணி நேரம் நடந்தார், ஒவ்வொரு கல்லாகப் படித்துக்கொண்டே. நம் ஆள் பெயர் இருக்காது என்று தெரிந்தேதான் படித்தார். இன்று நானும் அதையேதான் செய்துகொண்டிருந்தேன். ராணுவம் பட்டியல் வைத்திருந்தது, அதனால் கல் வைக்க முடிந்தது. தோட்டத்தில் கிராணி என்ற கணக்குப்பிள்ளையின் செக்ரோல் புத்தகத்தில், அதாவது ஆள் வருகைப் பதிவில், இருந்த பெயர்களை யார் தேடினார்கள்?

பிப்ரவரி 14, புக்கிட் சந்து, ஃபோர்டு தொழிற்சாலை

புக்கிட் சந்துவுக்கு வேண்டுமென்றேதான் இன்று போனேன். 1942-ல் இதே தேதியில்தான் மலாய் ரெஜிமெண்ட் இந்தக் குன்றில் கடைசிவரை நின்றது. பாசிர் பாஞ்சாங் எம்ஆர்டியிலிருந்து பெப்பிஸ் ரோடு ஏற்றம் மூச்சு வாங்க வைக்கிறது. மேலே ஒரு பழைய பங்களா, அதுதான் காட்சியகம். லெப்டினென்ட் அட்னான் சைடியும் அவருடைய ஆட்களும் ஆள்பலமும் குண்டும் பத்தாத நிலையிலும் பின்வாங்கவில்லை. ஜப்பானியர்கள் தலைப்பாகை கட்டி பஞ்சாபிச் சிப்பாய்கள் மாதிரி வேடம் போட்டு வந்தார்கள், நடக்கும் வரிசையைப் பார்த்தே அட்னான் கண்டுபிடித்துவிட்டார் என்பது இங்கே பிள்ளைகளுக்கெல்லாம் தெரிந்த கதை. பக்கத்தில் ஒரு மலாய்க் குடும்பம், அப்பா மகனுக்கு அதைச் சொல்லிக்கொண்டிருந்தார், பையன் மூன்று முறை மறுபடி மறுபடி கேட்டான். மலேசியாவிலும் நாங்கள் பள்ளியில் அட்னானைப் படித்தோம். எல்லைக்கு இரண்டு பக்கமும் வீரன் என்று ஒப்புக்கொள்ளும் ஆள் அவர், அந்த மாதிரி ஆட்கள் குறைவு.

மத்தியானம் அப்பர் புக்கிட் தீமா ரோட்டில் பழைய ஃபோர்டு தொழிற்சாலை. பிரிட்டிஷ் தளபதி பெர்சிவல் ஜப்பானியத் தளபதி யமாஷிட்டாவிடம் சரணடைந்த அறை இங்கேதான். அறையைவிட எனக்கு முக்கியமாகப் பட்டது இந்த இடத்தின் பெயர் பட்ட பாடு. 2017 பிப்ரவரி 15-ல் புதுப்பித்துத் திறந்தபோது ‘ஷோனான் காட்சிக்கூடம்’ என்று பெயர் வைத்தார்கள். ஷோனான்தோ என்பது ஜப்பான்காரன் இந்த ஊருக்கு வைத்த பெயர். வரலாற்றைச் சொல்லத்தான் அந்தப் பெயர் என்று விளக்கம் கொடுத்தார்கள், ஆனால் அந்தக் காலத்தில் அப்பாவையும் அண்ணனையும் இழந்த குடும்பங்கள் கொதித்துவிட்டன, எங்கள் ஆட்களைக் கொன்றவன் வைத்த பெயரை ஏன் பலகையில் எழுதுகிறீர்கள் என்று. இரண்டே நாளில் அமைச்சர் யாக்கோப் இப்ராஹிம் மன்னிப்புக் கேட்டுக்கொண்டு பெயரை எடுத்துவிட்டார். 75 வருடம் கழித்தும் ஒரு சொல் இத்தனை பேரைக் குத்துகிறது என்றால் காயம் எந்த ஆழத்தில் இருக்கிறது பாருங்கள். பெயரை மாற்றியது சரி என்றுதான் நான் நினைக்கிறேன்.

உள்ளே ஜப்பான்காரன் அச்சடித்த வாழைமர நோட்டு, ரேஷன் அட்டை எல்லாம் இருக்கின்றன. மரவள்ளிக்கிழங்கைப் பற்றிய பகுதியில் ஒரு பாட்டி பேத்தியிடம், இதைத்தான் காலையும் ராத்திரியும் தின்றோம், அதனால்தான் எனக்கு இன்னும் பிடிக்காது என்று தமிழில் சொல்லிக்கொண்டிருந்தார். எங்கள் பாட்டியும் அதையேதான் சொல்வார், வார்த்தை மாறாமல்.

பிப்ரவரி 15, பீச் ரோடும் பாடாங்கும்

இன்று கொஞ்சம் நீளமாக எழுதப் போகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

அத்தையின் அடுத்த வீட்டு சீன ஆண்டிக்கு வயது எண்பதைத் தாண்டிவிட்டது. அவர் அம்மா வயிற்றில் இருக்கும்போது அப்பாவைக் கூட்டிக்கொண்டு போனார்கள். சூக் சிங் என்பார்கள் அந்தப் படுகொலையை. 1942 பிப்ரவரி 18 தொடங்கி மார்ச் முதல் வாரம் வரை, சீன ஆண்களை ஓரிடத்தில் கூட்டி, வரிசையில் நிறுத்தி, சிலருக்குச் சட்டையிலும் தோளிலும் முத்திரை குத்தி வீட்டுக்கு அனுப்பி, மற்றவர்களை லாரியில் ஏற்றி சாங்கி, பொங்கோல் கடற்கரைகளுக்குக் கொண்டுபோய்ச் சுட்டார்கள். எத்தனை பேர் என்பதில் இன்றுவரை ஒத்த கருத்தில்லை. ஜப்பானியர் ஒப்புக்கொண்டது சுமார் 5,000, சீனச் சமூகம் சொல்வது 50,000 வரை. ஆண்டி ஒவ்வொரு வருடமும் பிப்ரவரி 15 காலையில் பீச் ரோடு நினைவுச்சின்னத்துக்குப் போகிறவர், இந்த முறை அத்தையும் நானும் கூடப் போனோம்.

அந்த நான்கு வெள்ளைத் தூண்களை எல்லாரும் பார்த்திருப்பீர்கள், உள்ளூரில் சாப்ஸ்டிக்ஸ் என்பார்கள், 65 மீட்டருக்கு மேல் உயரம். சீனர், மலாய்க்காரர், இந்தியர், யூரேசியர் என்று நான்கு இனத்துக்கு நான்கு தூண், அடியில் ஒன்றாகச் சேர்கின்றன. அது எப்படி வந்தது என்பது பலருக்குத் தெரியாது. 1962-ல் சிக்லாப் பக்கத்தில் எலும்புகள் குவியல் குவியலாகக் கிடைத்தன. சீன வர்த்தகச் சபை அவற்றை எடுத்து ஒழுங்காக அடக்கம் செய்யும் பொறுப்பை ஏற்றது. 1963 ஆகஸ்டில் நகர நடுவே உள்ள பாடாங் திடலில் ஒரு லட்சம் பேர் கூடி ஜப்பானிடம் ரத்தக் கடனை, அதாவது அந்தக் கொலைகளுக்கு ஈட்டைக் கேட்டார்கள், 1966-ல் ஜப்பான் 5 கோடி டாலர் தர ஒப்புக்கொண்டது, பாதி மானியம், பாதி கடன். நினைவுச்சின்னம் சீனர்களுக்கு மட்டும் என்று தொடங்கிய எண்ணத்தை எல்லா இனத்துப் பொதுமக்களுக்கும் என்று அரசாங்கம் மாற்றியது, நிலம் கொடுத்தது, திரட்டிய பணத்துக்கு ஈடாகப் பணமும் போட்டது. 1967 பிப்ரவரி 15-ல் லீ குவான் இயூ திறந்து வைத்தார். தூண்களுக்குக் கீழே 606 தாழிகளில் எலும்புகள் இருக்கின்றன.

கூட்டத்தில் பெரும்பாலும் சீன முதியவர்கள், பள்ளிப் பிள்ளைகள், சீருடையில் சிலர். வெவ்வேறு சமயத்தவர் பிரார்த்தனை செய்தார்கள். ஆண்டி சத்தமில்லாமல் பூ வைத்துவிட்டு வந்து என் பக்கத்தில் நின்று, பாசார் மலாயில், அதாவது சந்தைப் பேச்சு மலாயில், நேராகக் கேட்டார்: “உங்க ஆளுங்க ஜப்பான்காரனோட சேர்ந்துதானே இருந்தாங்க?”

கோபமாகக் கேட்கவில்லை. தெரிந்துகொள்ளத்தான் கேட்டார். அத்தை என்னைப் பார்த்தார்.

ஆமாம், சிலர் சேர்ந்தார்கள் என்றேன். ஏன் சேர்ந்தார்கள் என்று சொன்னேன், தோட்டத்தில் வெள்ளைக்காரன் காலில் கிடந்தவர்களிடம் முதல் தடவையாக ஒருவர் வந்து, நீ மனிதன், உனக்கு ஒரு நாடு உண்டு, வா என்று கூப்பிட்டார், அது எவ்வளவு பெரிய விஷயம் என்பதை என் மலாயில் முடிந்த வரைக்கும் சொன்னேன். அப்புறம் பெரிய தாத்தா கதையைச் சொன்னேன். சயாம், ரயில், காலரா, திரும்பாதது. ஆண்டிக்கு அது தெரியவே தெரியாது. தமிழர்களையும் பிடித்துக்கொண்டு போனார்களா என்று இரண்டு முறை கேட்டார். ரயில் பாதை என்றால் வெள்ளைக்காரக் கைதிகள் என்றுதான் அவர் நினைத்திருந்தார், டிவியில் அப்படித்தான் காட்டுகிறார்கள். பிறகு என் கையைப் பிடித்துக்கொண்டு, எலும்பாவது கிடைத்ததா என்று கேட்டார். இல்லை என்றேன். அவருடைய அப்பாவுடையதும் எது என்று தெரியாதாம், இந்தத் தாழிகளில் ஒன்றாக இருக்கும் என்று வைத்துக்கொண்டுதான் வருகிறாராம்.

அவரை டாக்சியில் அனுப்பிவிட்டு அத்தையும் நானும் எஸ்பிளனேட் பூங்காவுக்கு நடந்தோம். கான்னாட் டிரைவ் ஓரம் அந்தச் சின்னத் துண்டு நிலத்தில் என்னென்ன இருக்கிறது பாருங்கள். முதலில் செனட்டாஃப், முதல் உலகப் போரில் இறந்தவர்களுக்கு 1922-ல் திறந்தது, இரண்டாம் போருக்கும் பின்பக்கத்தில் எழுதிச் சேர்த்திருக்கிறார்கள். அதே பூங்காவில் லிம் போ செங் நினைவிடம், சீனக் கோபுர வடிவில், வெண்கலச் சிங்கங்களோடு. ஜப்பானியரை எதிர்த்து ஃபோர்ஸ் 136 என்ற பிரிட்டிஷ் ரகசியப் படையில் வேலை செய்து, பிடிபட்டு, சித்திரவதையில் யாரையும் காட்டிக்கொடுக்காமல் 1944 ஜூன் 29-ல் பத்து காஜா சிறையில் இறந்தவர். பேராக்கில் எனக்குச் சொந்தக்காரர்கள் இருக்கிறார்கள், அந்தச் சிறையைப் பல தடவை கடந்து போயிருக்கிறேன். அவருடைய நினைவிடத்திலிருந்து கொஞ்ச தூரத்திலேயே ஐ.என்.ஏ. நினைவுச்சின்னம் இருந்த இடம், அதாவது ஜப்பானியரோடு சேர்ந்து பிரிட்டிஷாரை எதிர்த்துச் செத்தவர்களுக்கான இடம்.

1945 ஜூலை 8-ல் போஸ் அங்கே அடிக்கல் நாட்டினார். செப்டம்பரில் பிரிட்டிஷார் திரும்பி வந்ததும் மவுண்ட்பேட்டன் உத்தரவில் அதைத் தகர்த்துவிட்டார்கள், வெடி வைத்தவர்களும் இந்தியச் சிப்பாய்கள்தான். ஐம்பது வருடம் அங்கே ஒன்றுமே இல்லை. 1995-ல் போர் முடிந்த பொன்விழாவுக்குச் சிங்கப்பூர் அரசு பல இடங்களில் குறிப்புக்கல் வைத்தபோது இங்கேயும் ஒன்று வைத்தது. தமிழிலும் எழுதியிருக்கிறார்கள், ஜப்பானிய மொழியிலும். இடித்துப் போட்டதை மறைக்காமல் அதையும் சேர்த்துச் சொல்லும் கல். இந்தியப் பிரதமர் 2015-ல் இங்கே வந்து அஞ்சலி செலுத்தினார்.

அத்தை செருப்பைக் கழற்றிவிட்டுக் கும்பிட்டார். எதிரே பாடாங். 1943 ஜூலை 5-ல் அந்தத் திடலில்தான் போஸ் ஐ.என்.ஏ. படையைப் பார்வையிட்டு டில்லி சலோ என்றார். 1942 பிப்ரவரி 17-ல் வெள்ளைக்காரர்களைக் கூட்டிச் சாங்கிக்கு நடக்க வைத்ததும் இந்தத் திடலிலிருந்துதான். 1963-ல் ரத்தக் கடன் கேட்ட கூட்டமும் இங்கேதான் கூடியது. ஒருவரை ஒருவர் எதிரி என்று நினைத்துச் செத்தவர்களுக்கு ஒரே பூங்காவில் இடம் கொடுத்து, யாரையும் தள்ளாமல், யாருடையதையும் பூசி மெழுகாமல் வைத்திருக்கிறார்கள். எங்கள் பக்கத்தில் இது இன்னும் நடக்கவில்லை, நடக்க வேண்டும்.

மாலை 6:20-க்கு யீஷூன் கோப்பிக்கடையில் இருந்தோம். சரணாகதி நேரம் அது. ஊர் முழுக்க அபாயச் சங்கு ஊதியது. பக்கத்து மேசையில் பங்களாதேஷ் தம்பிகள் திடுக்கிட்டு எழுந்தார்கள், கடைக்கார அம்மா ஒன்றுமில்லை, ஒன்றுமில்லை என்று கையை ஆட்டினார்.

பிப்ரவரி 16, ஜப்பானியர் இடுகாடு, ஃபேரர் பார்க்

காலையில் ஹவ்காங் பக்கம் சுவான் ஹோ அவென்யூவில் ஜப்பானியர் இடுகாட்டுப் பூங்கா. அத்தை வர மறுத்துவிட்டார், நான் வற்புறுத்தவில்லை. வீடுகளுக்கு நடுவே அமைதியான இடம், 910 கல்லறைகள். பத்தொன்பதாம் நூற்றாண்டின் கடைசியில் கப்பலேற்றிக் கொண்டுவந்து விற்கப்பட்ட ஏழை ஜப்பானியப் பெண்களை அடக்கம் செய்யத் தொடங்கிய இடம் இது, அவர்களுடைய கற்கள் முழங்கால் உயரம்கூட இல்லை. அதே வளாகத்தில் படைத்தளபதி தெராவுச்சிக்குப் பெரிய நினைவுக்கல், சாங்கியில் தூக்கிலிடப்பட்டவர்கள் உட்பட 135 போர்க்குற்றவாளிகளின் சாம்பலும் இங்கேதான். அந்தப் பெண்களுக்காகக் கும்பிட்டேன். தெராவுச்சி கல்லுக்கு முன்னால் என்னால் முடியவில்லை. சயாம் பாதை போடப்பட்டது அவருடைய தென்பகுதிப் படைத்தலைமையின் கீழ்.

சாயங்காலம் அத்தையோடு தேக்கா, நம் ஆட்களின் கடைத்தெருப் பக்கம். கேம்பல் லேன் இந்திய மரபுடைமை நிலையத்தில் ஐ.என்.ஏ. பகுதியைப் பார்த்துவிட்டு ஃபேரர் பார்க் திடலுக்கு வந்தோம். 1942 பிப்ரவரி 17-ல் 40,000-க்கும் மேற்பட்ட இந்தியச் சிப்பாய்களை இங்கே நிறுத்தி ஜப்பானியரிடம் ஒப்படைத்தார்கள், ஜப்பானியர் பக்கம் வந்த இந்திய அதிகாரி மோகன் சிங் பேசினார், ஐ.என்.ஏ. தொடங்கியது இங்கேதான். இப்போது பையன்கள் பந்து விளையாடுகிறார்கள். ஓர் ஓரமாக உட்கார்ந்தோம்.

அங்கே வைத்துத்தான் நான் பல வருடமாக நினைத்துக்கொண்டிருந்ததை அத்தையிடம் சொன்னேன். சயாம் பாதையின் இரண்டு முனையும் இணைந்தது 1943 அக்டோபரில். அதே மாதம் 21-ம் தேதி இங்கே கேத்தே கட்டடத்தில் போஸ் சுதந்திர இந்திய அரசை அறிவித்தார். ஐ.என்.ஏ. பர்மாவுக்குப் போனது அந்தப் பாதையில், ஜான்சி ராணிப் படைப் பெண்கள் போனதும் அதில்தான். நம் ஆட்கள் செத்துப் போட்ட தண்டவாளத்தில் நம் ஆட்களே போருக்குப் போனார்கள்.

அத்தை கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு சொன்னார், மாமாவுக்கு, அதாவது பாட்டியின் தம்பிக்கு, அது தெரியும் என்று. 1945-ல் பர்மாவிலிருந்து திரும்பும்போது ரயில் காட்டில் நின்றதாம். கோவணத்தோடு சிலர் ஓடிவந்து தமிழில் உப்பு இருக்கா, உப்பு இருக்கா என்று கேட்டார்களாம். மாமா ஜன்னலில் தலையை நீட்டி எந்தத் தோட்டம், எந்தத் தோட்டம் என்று கத்தியிருக்கிறார். பந்திங் என்று ஒருவர், சுங்கை சிப்புட் என்று ஒருவர். கோல சிலாங்கூர் யாராவது இருக்கிறார்களா என்று கேட்பதற்குள் வண்டி நகர்ந்துவிட்டது. இதை அக்காவிடம், அதாவது எங்கள் பாட்டியிடம், மாமா சாகும்வரை சொல்லவில்லை. சின்னப் பிள்ளையாக இருந்த அத்தையிடம் ஒரே ஒரு தடவை சொல்லியிருக்கிறார். நேதாஜி படத்துக்கு ஊதுபத்தி ஏற்றாத நாள் அவருக்கு இருந்ததில்லை, அதுவும் உண்மை.

என் மனதில் இருப்பதை நேராகவே எழுதிவிடுகிறேன். ஐ.என்.ஏ-வில் சேர்ந்தவர்கள் மேல் எனக்குள்ள மரியாதை குறையவில்லை. ஆனால் மேடை போட்டு அவர்களைக் கொண்டாடும் நம் சங்கங்கள், அதே மேடையில் சயாமுக்குப் போனவர்களையும் சொல்ல வேண்டும். வெள்ளைக்காரக் கைதிக்கும், மலாய் வீரனுக்கும், சீனக் குடும்பங்களுக்கும், ஜப்பானியப் பெண்களுக்கும்கூடக் கல் இருக்கிறது. தோட்டத்திலிருந்து லாரியில் ஏற்றப்பட்டவர்களுக்கும், இறந்த ஊரில் மட்டுமல்ல, அவர்கள் புறப்பட்ட ஊர்களிலும் வேண்டும்.

நாளை காலை பஸ். ஊருக்குப் போனதும் பெரியப்பாவிடம் உட்கார்ந்து எங்கள் தோட்டத்திலிருந்து யார் யார் போனார்கள் என்று எழுதி வாங்கப் போகிறேன், அவருக்கு ஞாபகம் இருக்கும்போதே. இதைப் படிக்கிறவர்கள் வீட்டிலும் யாராவது போயிருந்தால் எனக்கு எழுதுங்கள். தோட்டத்தின் பெயர், போன வருடம், இன்னார் வீட்டு ஆள் என்பது போதும், ஆளின் பெயர் தெரியாவிட்டாலும் பரவாயில்லை.